ஏரிக்கரையில் ஏறிய கூண்டு

விருப்ப ஓய்வு வாங்கிக்கொண்டு துறைமுக அலுவலகத்தை விட்டு நான் கிளம்பிய அன்று ஆளுக்கு ஒரு சமோசாவும் அரை டம்ளர் டீயும் கொடுத்தார்கள். புதிதாக வந்திருந்த உதவி அதிகாரி அம்மா ஒருவர், வரவேற்பறை மூலையில் அழகுக்காகத் தொங்கவிட்டிருந்த கறுப்புச் சாமானைக் காட்டிக் கேட்டார்.

“சார், ரொம்ப நாளா கேக்கணும்னு இருந்தேன். இது என்ன, கோழிய மூடி வெக்கிற பஞ்சாரமா?”

“ஆமாம்மா. பழைய அதிகாரிக்கு நாட்டுக்கோழின்னா உசுரு” என்றேன்.

அவர் நம்பிவிட்டார். என் பிழைப்பே இதுதான். நான் எதைச் சொன்னாலும் முதல் தடவை நம்பிவிடுவார்கள், இரண்டாம் தடவை எதைச் சொன்னாலும் நம்பமாட்டார்கள். அதனால், இது புயல் எச்சரிக்கைக் கூண்டு என்று அடுத்து உண்மையைச் சொன்னபோது அவர் கையைத் தட்டிச் சிரித்தார். “நியூஸ்ல சொல்வாங்களே, மூணாம் எண் கூண்டு, ஏழாம் எண் கூண்டுன்னு, அதுவா? அது நிஜமாவே ஒரு சாமானா? நான் சும்மா பேச்சுக்குச் சொல்றாங்கன்னு நெனச்சேன்!”

சும்மா பேச்சுக்கு ஏற்றப்பட்ட அந்தக் கூண்டைக் கயிறு பிடித்து ஏற்றியதற்குத்தான் எனக்கு இத்தனை வருஷம் சம்பளம் கொடுத்தார்கள். “எழுதிக் குடுங்க சார், எங்களுக்குத் தெரியணும்” என்றார். எழுதுகிறேன். வீரதீரம் எதிர்பார்ப்பவர்கள் இப்போதே பக்கத்தைத் திருப்பிக்கொள்ளலாம். என் உத்தியோக வாழ்க்கையின் உச்சகட்டம் கடலில் நடக்கவில்லை. கடலிலிருந்து வெகுதூரத்தில், ஒரகடத்துக்கும் வாலாஜாபாத்துக்கும் நடுவே, எங்கள் ஊர் ஏரியில் நடந்தது. அப்போது நான் வேட்டியும் கட்டியிருக்கவில்லை.

முதலில் தொழிலைச் சொல்லிவிடுகிறேன். கப்பலில் இருப்பவனுக்குக் கரையிலிருந்து சேதி சொல்ல வேண்டும். கத்தினால் கேட்காது. பகலில் கொடி, இரவில் விளக்கு. புயல் என்றால் மட்டும் கொடி போதாது. காற்றடித்தால் கொடி எந்தப் பக்கம் பறக்கிறது என்றே தெரியாது. எந்தப் பக்கத்திலிருந்து பார்த்தாலும் ஒரே மாதிரி தெரிகிற உருவம் வேண்டும். அதற்காகத்தான் கூம்பும் உருளையும். பிரம்பில் பின்னி, கித்தான் சுற்றி, கறுப்பு வண்ணம் பூசி, உயரமான கம்பத்தில் ஏற்றுவோம். எது மேலே, எது கீழே, கூம்பின் மூக்கு எந்தப் பக்கம் என்பதைப் பொறுத்து எண். ஒன்று என்றால் எங்கோ தூரத்தில் ஏதோ இருக்கிறது. பத்து என்றால் வீட்டுக்குப் போய் சாமி கும்பிடு.

ஒவ்வொரு கூண்டுக்கும் பின்னால் ஒரு தந்தி இருக்கும். தந்திக் கம்பி வருவதற்கு முன்பு புயல்தான் தன்னைப் பற்றிய முதல் சேதியைக் கொண்டுவரும். கம்பி வந்த பிறகு சேதி புயலை முந்திக்கொண்டு ஓடி வந்தது. எங்கோ காற்று மாறியதை ஒருவன் தட்டுவான், வானிலை ஆபீஸ் கணக்குப் போட்டு எங்களுக்குத் தட்டும், நாங்கள் கூண்டை ஏற்றுவோம், மீன்பிடிக்கப் போனவன் நிமிர்ந்து பார்த்துவிட்டுத் திரும்புவான். இந்தச் சங்கிலியில் கடைசிக் கண்ணி நான். பத்துக்கு மேல் இன்னொரு எண்ணும் உண்டு, பலருக்குத் தெரியாது. பதினொன்று. அதற்கு அர்த்தம்: தந்தி வரவில்லை, தொடர்பு அறுந்துவிட்டது, வானம் சரியில்லை, இனி உன் புத்திதான் உனக்குத் துணை. என்னை மாதிரி ஆளுக்கு எல்லாவற்றையும்விட ஆபத்தான எண் அதுதான்.

பயிற்சிக் காலம் ஆறு மாதம். விளக்கில் தேறினேன், கொடியில் தேறினேன், மோர்ஸ் சாவியில் சுமாராகத் தேறினேன். இரண்டு கையிலும் துணி பிடித்துக்கொண்டு எழுத்து எழுத்தாகக் காட்டும் செமாஃபோரில் மட்டும் தோற்றேன். மறுபரீட்சைக்கு ஒரு மாதம் கொடுத்தார்கள். ஊருக்கு வந்து, கல்யாணமாகி இரண்டு மாதமே ஆன கஸ்தூரியைப் பிடித்து, எழுத்துக்கு எழுத்து கை நிலை வரைந்த அட்டையைக் கையில் கொடுத்து, வைக்கோல் போருக்கு அந்தப் பக்கம் நின்றுகொண்டு தினமும் கையை ஆட்டினேன். அவள் பத்தாவது வரை படித்தவள். இங்கிலீஷ் எழுத்து தெரியும். ஆனால் நான் காட்ட வேண்டிய வாக்கியங்கள் அவளுக்குப் பிடிக்கவில்லை.

“கப்பலு, நங்கூரம்னே காட்டிக்கினு கீறியே. வூட்டுக்கு ஆவுற மாதிரி ஏதாச்சும் சொல்லு” என்றாள். அதனால் இங்கிலீஷ் எழுத்தில் தமிழ் வார்த்தைகளைக் காட்டினேன். சோறு. மோர். போண்டா. பத்து நாளில் அவள் அட்டையைப் பார்ப்பதை நிறுத்திவிட்டாள். பதினைந்தாம் நாள் என் தப்பைத் திருத்த ஆரம்பித்தாள். பரீட்சையில் நான் தேறினேன். அவள் எழுதியிருந்தால் முதல் மார்க் வாங்கியிருப்பாள்.

இதோடு பதில் கொடி வழக்கத்தையும் அவளுக்குச் சொல்லிக்கொடுத்திருந்தேன். எங்கள் தொழிலில் இதுதான் ஆணிவேர். ஒரு கப்பல் சேதி காட்டினால், பார்ப்பவன் பதில் கொடியை முதலில் கம்பத்தின் பாதி வரை ஏற்றுவான். ‘பார்த்துவிட்டேன்’ என்று அர்த்தம். சேதி புரிந்த பிறகுதான் உச்சிக்கு இழுப்பான். ‘புரிந்துவிட்டது’ என்று அர்த்தம். பாதியில் நிற்கிற வரை காட்டுகிறவன் தன் சேதியை இறக்கக்கூடாது. எங்கள் வீட்டில் துணி காயப்போடும் கொம்பில் கஸ்தூரி ஒரு துண்டைக் கட்டி வைத்துக்கொண்டாள். கொல்லையிலிருந்து நான் “டீ” என்று கத்தினால் துண்டு பாதிக்கு ஏறும். உச்சிக்கு ஏறினால் டீ வரும். பல நாள் பாதியிலேயே நின்றிருக்கிறது.

என் மேலதிகாரி கேப்டன் சாமுவேல். குரலை உயர்த்தி நான் கேட்டதில்லை. சரி என்று சொல்லியும் கேட்டதில்லை. தந்தி வந்தால் படித்துக் காட்ட வேண்டும். கண்ணை மூடிக் கேட்பார். “மறுபடி” என்பார். மறுபடி படிக்க வேண்டும். பிறகு தாளை வாங்கிக்கொண்டு, “இப்ப பார்க்காம சொல்லு” என்பார். சொன்னால், “ம்.” அந்த ‘ம்’முக்காக ஏங்கிய நாட்கள் உண்டு. தப்பு செய்தால் திட்டமாட்டார். கையில் எப்போதும் இருக்கும் சிவப்புப் பென்சிலால் தப்பின் அடியில் மெல்லிய கோடு ஒன்று போடுவார். அந்தக் கோட்டைப் பார்த்தால் எனக்கு இரண்டு நாள் சோறு இறங்காது.

சேர்ந்த புதிதில் ஒருநாள் வெளியே நின்ற கப்பலுக்கு நான் விளக்கில் சேதி அனுப்பினேன். அவர்கள் புரியவில்லை என்றார்கள். இன்னும் வேகமாக அனுப்பினேன். மறுபடி புரியவில்லை என்றார்கள். “அவனுக்குக் கண்ணு தெரியல சார்” என்றேன். கேப்டன் கறுப்புத் தேநீரை ஒரு வாய் குடித்துவிட்டுச் சொன்னார்: “அவன் கண்ணு நல்லாத்தான் இருக்கும். உன் கையைப் பாரு. மெதுவா அனுப்பு. கடலுக்கு ஒண்ணும் அவசரம் இல்ல.”

இதையெல்லாம் ஊரில் வந்து நான் எப்படிச் சொல்வேன் என்பதையும் ஒப்புக்கொள்ள வேண்டும். ஒரகடம் கூட்டு ரோடு டீக்கடையில் எனக்குக் கூண்டுக்காரன் என்று பெயர். கடலையே பார்க்காதவர்கள் நடுவில் கடல் உத்தியோகம் என்றால் சும்மா இருக்க முடியுமா? “எவ்ளோ ஜாஸ்தி தொங்குதோ அவ்ளோ பெரிய புயல். ஒண்ணு தொங்குனா தூறல், ரெண்டுன்னா மரம் சாயும், மூணுன்னா கூரை பறக்கும்” என்று அளந்துவிட்டிருந்தேன். “நாலு தொங்குனா?” என்று ஒருவர் கேட்டார். “நாலு தொங்க வுட்டதே இல்ல. தொங்குனா பார்க்க ஆளு இருக்க மாட்டாங்க” என்றேன். பத்து வருஷம் இதைச் சொல்லி டீ குடித்திருக்கிறேன்.

இப்போது 1991. எங்கள் பக்கத்து ஊரின் பெயர் அந்த வருஷம் உலகத்துக்கே தெரிந்துபோனது; அதைப் பற்றி எழுதப் பெரியவர்கள் இருக்கிறார்கள். நான் சொல்வது அதற்குப் பிந்தைய மழைக்காலம். தீபாவளி முடிந்து பத்துப் பதினைந்து நாள் இருக்கும். பருவத்துக்கு முன்பே கூண்டுகளைச் சரிபார்க்கும் வழக்கம் எங்களிடம் உண்டு. அந்த வருஷம் தாமதமாக இறக்கிப் பார்த்தால் நாலிலும் பிரம்பு இற்றுப்போயிருந்தது. விரலை வைத்தால் உள்ளே போனது. வழக்கமாகப் பின்னித் தருகிறவர் மகன் வீட்டோடு வெளியூர் போய்விட்டார்.

கேப்டன் என்னைக் கூப்பிட்டார். “உன் ஊர்ப் பக்கம் கம்பெனி எல்லாம் வருதாமே. வெல்டிங் பட்டறை இருக்குமே?”

“இருக்கு சார்.”

“இரும்புக் கம்பியில சட்டம், மேல கித்தான். நாலு உருவம். பத்து நாள். ஏத்திக் கட்டி, ஒரு மைல் தள்ளி நின்னு பார்த்து, கூம்பு கூம்பாவும் உருளை உருளையாவும் தெரியுதான்னு எழுதிக் கொடு. நாலையும் ஒரே கயித்துல ஏத்திப் பாரு, இடைவெளி தெரியணும்.” பிறகு வழக்கம்போல, “மறுபடி.”

சொன்னேன். “ம்” வந்தது. அலுவலகப் பைனாகுலரையும் பதிவேட்டில் கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொண்டு ஊருக்கு பஸ் ஏறினேன்.

அப்போதைய ஒரகடம் இப்போது நீங்கள் பார்க்கிற ஒரகடம் இல்லை. கூட்டு ரோட்டில் நாலு கடை, அங்கொன்றும் இங்கொன்றுமாகக் கம்பெனி மதில். அந்த மதில்களுக்குக் கேட் அடித்தே ஏகாம்பரத்தின் பட்டறை ஓடிக்கொண்டிருந்தது. என் வரைபடத்தை அவர் தலைகீழாகப் பிடித்துப் பார்த்தார்.

“இன்னா நைனா இது? பூதம் எண்ண ஊத்துற புனலா?”

“புயல் கூண்டுண்ணே.”

“இதுக்குள்ள புயல எப்டிப் புடிச்சு அடைப்பே?” என்றார் மனதாரச் சந்தேகத்தோடு. ஆனால் வேலைக்காரர். மூன்றே நாளில் நாலு உருவத்தையும் முடித்து, கித்தான் தைத்து, தார் மாதிரிக் கறுப்பு அடித்து, தன் மீன்பாடி வண்டியிலேயே எங்கள் ஏரிக்கரையில் கொண்டுவந்து இறக்கினார். ஏரிக்கரை எதற்கென்றால், அங்கே மதகுப் பக்கம் கம்பி இழுக்காமல் விட்டுப்போன உயரமான மின்கம்பம் ஒன்று சும்மா நின்றது. எதிர்க்கரை நேர்கோட்டில் முக்கால் மைல் இருக்கும். மீதிக் கால் மைலை மனதால் சேர்த்துக்கொள்ளலாம் என்று முடிவு செய்தேன்.

ஏரியைப் பற்றி ஒரு வார்த்தை. இரண்டு வருஷமாகப் பாதிகூட நிரம்பாத ஏரி அது. அந்த வருஷம்தான் கலங்கல் வரைக்கும் தண்ணீர் தொட்டிருந்தது. கலங்கல் என்பது ஏரி நிரம்பினால் மிச்சத் தண்ணீர் வழிந்து போகிற இடம். அங்கே கல்லுக்குக் கல் நடுவில் பலகை சொருகி, களிமண் பூசி, இன்னும் முழ உயரத்துக்குத் தண்ணீரை நிறுத்தியிருந்தார் முனுசாமி. அவர்தான் எங்கள் ஊர்க் கம்புகட்டி. எந்த வயலுக்கு எப்போது எவ்வளவு தண்ணீர் என்பது அவர் வாயில்தான். அந்த ஒரு முழம்தான் ஊரின் சம்பா நடவு. அதே ஒரு முழம், பெரும் மழை வந்தால் கரையை உடைத்துக்கொண்டு ஊருக்குள் வரவும் கூடும். முன்னொரு காலத்தில் வந்திருக்கிறது. அதனால் முனுசாமிக்கு அந்த மாதம் முழுக்கத் தூக்கமே இல்லை. வானத்தையும் பலகையையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டிருந்தார்.

அன்று காலை டீக்கடை ரேடியோவில் வங்கக் கடலில் தாழ்வு நிலை என்று சொன்னார்கள். அது எங்களை விட்டு விலகி வடக்கே போய்க்கொண்டிருந்தது, எனக்குத் தெரியும். முனுசாமி என்னிடம் நேராக வந்தார்.

“கூண்டுக்காரே, புயலு வருமாயா? பலகைய எடுக்கணுமா, வெக்கணுமா, சொல்லு.”

ஒரு மனுஷன் பயந்து கேட்கிறார். நல்லவனாக இருந்தால் “வராதுண்ணே” என்று சொல்லியிருக்க வேண்டும். எனக்கு வாய் சும்மா இருக்குமா? “கூண்டு ஏறினாதாண்ணே தெரியும். நீங்க பலகை மேல ஒரு கண்ணு வெச்சுக்கோங்க” என்று கண்ணடித்தேன். அவர் கண்ணடித்ததைப் பார்க்கவில்லை, வானத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். வீட்டில் கஸ்தூரி, “புது வேட்டிய கட்டிக்கினு எங்கய்யா கெளம்பிட்டே?” என்றாள். தீபாவளிக்கு எடுத்த எட்டு முழ வேட்டி. தரையில் உட்காரும்போதுகூட துண்டை விரித்து அதன்மேல் உட்காருகிற அளவுக்கு அதைக் காப்பாற்றி வந்தேன். “புயலக் கூப்ட்டுக்கினு வரப் போறேன்” என்றேன். துண்டு பாதிக்குக்கூட ஏறவில்லை.

பத்து மணிக்கு நாலு உருவங்களையும் ஒன்றன்கீழ் ஒன்றாக ஏற்றிக் கட்டினேன். எங்கள் புத்தகத்தில் அப்படி ஓர் எண்ணே கிடையாது. ஏகாம்பரம் வண்டியை எடுத்துக்கொண்டு பட்டறைக்குப் போய்விட்டார். நான் சைக்கிளை எடுத்துக்கொண்டு ஏரியைச் சுற்றி மூன்று மைல் மிதித்து எதிர்க்கரைக்குப் போனேன்.

இறங்கி, நெற்றியைத் துடைத்து, பைனாகுலரை வைத்தேன். ஆஹா! கூம்பு கூம்பாகத் தெரிந்தது. உருளை உருளையாகத் தெரிந்தது. இடைவெளி விரல் வைத்து அளந்த மாதிரி. நோட்டை எடுத்து ‘திருப்தி’ என்று எழுதினேன். எழுதிவிட்டு, ரசிப்பதற்காக இன்னொரு தடவை பைனாகுலரை வைத்தேன். கம்பத்தடியில் இரண்டு பேர் நின்று அண்ணாந்து பார்த்துக்கொண்டிருந்தார்கள். பெருமையாக இருந்தது. பிறகு பத்துப் பேர். பிறகு முப்பது. ஒரு கிழவர் கம்பத்தைப் பார்த்துக் கும்பிட்டார். அப்போதும் எனக்கு உறைக்கவில்லை என்பதை இங்கே பதிவு செய்கிறேன். ‘நம் ஊர் ஜனங்களுக்கு அறிவியல் ஆர்வம் இருக்கிறது’ என்று நினைத்தேன்.

பைனாகுலரைக் கொஞ்சம் வலது பக்கம் திருப்பினேன். கலங்கலில் முனுசாமி இடுப்பளவு தண்ணீரில் நின்றுகொண்டு, கடப்பாரையால் களிமண்ணைப் பெயர்த்துக்கொண்டிருந்தார்.

நாலு தொங்கினால் பார்க்க ஆள் இருக்க மாட்டார்கள். சொன்னவன் யார்? நான். பலகை மேல் கண் வை என்றவன் யார்? நான். முதல் பலகை வந்தது. வெள்ளையாகத் தண்ணீர் பாய்ந்தது எனக்கு இங்கிருந்தே தெரிந்தது. ஊரின் நடவு, இரண்டு வருஷக் காத்திருப்பு, பெருஞ்சத்தத்தோடு ஓடைக்குள் போய்க்கொண்டிருந்தது.

அடுத்த ஐந்து நிமிஷம் நான் செய்த காரியங்களை வரிசையாகச் சொல்கிறேன். முதலில் கத்தினேன். முக்கால் மைல் தண்ணீரைத் தாண்டி ஒரு கொக்குதான் திரும்பிப் பார்த்தது. சைக்கிளில் ஏறினேன், ஐம்பது அடி போய், மூன்று மைல் போவதற்குள் ஏரியே காலியாகிவிடும் என்று இறங்கி, திரும்ப ஐம்பது அடி வந்தேன். நீந்தலாமா என்று யோசித்தேன். கடல் உத்தியோகஸ்தனான எனக்கு நீச்சல் தெரியாது என்பது அப்போது நினைவுக்கு வந்தது. பைனாகுலரில் பார்த்துக்கொண்டே கத்தினால் கேட்குமோ என்று அதையும் செய்து பார்த்தேன். வருஷக்கணக்காகச் சேதி அனுப்பிச் சம்பளம் வாங்கியவன், ஒரு சேதி அனுப்ப வேண்டிய நேரத்தில் ஏரிக்கரையில் கோழி மாதிரி ஓடிக்கொண்டிருந்தேன். பதினோராம் எண்: தொடர்பு அறுந்தது, உன் புத்திதான் துணை.

அப்போது கூட்டத்தில் நீலப் புடவை தெரிந்தது. கஸ்தூரி. பெண்களை விலக்கிக்கொண்டு கம்பத்தடிக்கு வந்து, ஏரியைச் சுற்றித் தேடினாள். யாரைத் தேடுகிறாள் என்று எனக்குத் தெரியும்.

தோளில் இருந்த சிவப்புத் துண்டை ஒரு கையில் எடுத்தேன். இன்னொரு கை வெறுங்கை. தண்ணீர் ஓரத்துக்கு ஓடி, காட்ட ஆரம்பித்தேன். என்ன சொல்வது? நீளமாகச் சொல்ல நேரமில்லை. இங்கிலீஷில் மூன்றே எழுத்து: பி, ஓ, ஐ. பொய். ஒரு கை பக்கவாட்டில், ஒரு கை தலைக்கு மேலே, அது பி. அடுத்த இரண்டையும் என்ன வேகத்தில் காட்டினேனோ, எனக்கே தெரியாது. மறுபடி காட்டினேன். மறுபடி. காற்றாலை மாதிரி சுற்றினேன்.

பைனாகுலரை வைத்துப் பார்த்தேன். கஸ்தூரி ஆட்டுக்குத் தழை பறிக்கிற தொரட்டிக் கொம்பை யார் கையிலிருந்தோ பிடுங்கி, கலங்கலுக்கு ஓடி முனுசாமியின் தலைப்பாகையை உருவி, கொம்பின் நடுவில் கட்டித் தூக்கிப் பிடித்திருந்தாள்.

பாதி. பார்த்துவிட்டேன். புரியவில்லை.

இரண்டாம் பலகையும் வந்தது.

இன்னும் வேகமாகக் காட்ட கை எழுந்தது. அந்த நொடியில் கறுப்புத் தேநீர் வாசனை அடித்தது என்று சொன்னால் நீங்கள் நம்பமாட்டீர்கள். அவன் கண் நல்லாத்தான் இருக்கும், உன் கையைப் பார். கையைப் பார்த்தேன். துணி இல்லாத வெறுங்கை. தூரத்திலிருந்து பார்ப்பவளுக்கு அந்தக் கை இருப்பதே தெரியாது. வேறு துணி? தேடினேன். இருந்தது ஒன்றே ஒன்றுதான்.

தீபாவளி வேட்டியை அவிழ்த்தேன். நாலாக மடித்து இடது கையில் பிடித்தேன். இன்னும் கொஞ்சம் கிட்டத்தில் தெரியட்டும் என்று ஏரிக்குள் இறங்கினேன். முழங்கால் வரை சேறு. கோடு போட்ட அரை டிராயரோடு நின்று, மூச்சை இழுத்து, ஒவ்வோர் எழுத்துக்கும் மனதுக்குள் ஐந்து எண்ணிக் காட்டினேன். பி. ஐந்து வரை. ஓ. ஐந்து வரை. ஐ. கையை இறக்கினேன். சேறு பட்ட வேட்டியிலிருந்து தண்ணீர் சொட்டியது. பைனாகுலரை எடுக்கக்கூட பயமாக இருந்தது.

எடுத்தேன். தலைப்பாகை கொம்பின் உச்சியில் இருந்தது.

அதோடு அவள் நிற்கவில்லை. கொம்பை எறிந்துவிட்டு, நேராகக் கம்பத்துக்குப் போய்க் கயிற்றை அவிழ்த்து, நாலு கூண்டையும் கடகடவென்று இறக்கிவிட்டாள். முனுசாமி மூன்றாம் பலகையில் கை வைத்தபடி நின்றுவிட்டார்.

நான் மூன்று மைல் மிதித்துத் திரும்பி வந்தபோது கூட்டம் அப்படியே இருந்தது. ஈர வேட்டியைத் தோளில் போட்டுக்கொண்டு அரை டிராயரோடு சைக்கிளில் வந்த கடல் உத்தியோகஸ்தனைக் கண்டு முதலில் ஒரு பாட்டி சிரித்தாள். அப்புறம் எல்லோரும். முனுசாமி மட்டும் சிரிக்கவில்லை.

“ஒரு சாண் தண்ணி பூட்ச்சு” என்றார். கடப்பாரையைக் கரையில் போட்டார். “திட்ட மாட்டேன். எறங்கு.”

“இன்னாண்ணே?”

“தண்ணில எறங்குடா. மண்ண மிதி. பலகைய நீயே வெச்சு அடைச்சுட்டு அப்புறம் கரை ஏறு.”

இறங்கினேன். சாயங்காலம் வரை களிமண் மிதித்தேன். என் வாழ்க்கையில் நான் பார்த்த கடினமான உத்தியோகம் அதுதான். நடுவில் முனுசாமியே இறங்கி வந்து, “அப்டி இல்ல, விரலால அமுக்கு” என்று பக்கத்தில் நின்று பூசினார். பலகை சரியாக உட்கார்ந்ததும், “நான் நெசமாவே பயந்துட்டேன் நைனா” என்றார். “நானும்ணே” என்றேன். அன்று அவரிடம் நான் சொன்ன முதல் உண்மை அது.

நாலாம் நாள் மழை பிடித்தது. ஓடிப்போன சாண் திரும்பி வந்து, மேலும் நாலு விரல் ஏறியது. அந்த வருஷம் நடவு ஒரு வயலில்கூடத் தடைபடவில்லை. மழை வரும் வரை அந்த மூன்று நாளும் நான் டீக்கடைப் பக்கமே போகவில்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும்.

கூண்டுகள் சொன்ன நாளில் துறைமுகம் போய்ச் சேர்ந்தன. என் அறிக்கையில் ‘பார்வைச் சோதனை திருப்தி, முக்கால் மைல் தூரத்தில் தெளிவாகத் தெரிந்தது, ஊரே பார்த்தது’ என்று எழுதியிருந்தேன். கேப்டன் படித்தார். ‘ஊரே’ என்ற இடத்தில் சிவப்புக் கோடு விழுந்தது.

“என்ன நடந்தது?”

மறைக்கலாம் என்று வாயைத் திறந்தேன், மொத்தத்தையும் சொல்லிவிட்டேன். வேட்டி வரைக்கும். கண்ணை மூடிக் கேட்டுக்கொண்டிருந்தார். முடித்ததும், “மறுபடி” என்றார். மறுபடியும் வேட்டி வரைக்கும் சொன்னேன். இரண்டாம் தடவை அவர் தோள் லேசாகக் குலுங்கியதைப் பார்த்தேன், இருமலாகவும் இருக்கலாம்.

“ஊர் ஜனம் கூண்டைப் பார்த்தாங்களா, புரிஞ்சுக்கிட்டாங்களா?”

“பார்த்தாங்க சார்.”

“அப்ப பாதி” என்றார். ‘திருப்தி’ என்பதை அடித்து, பக்கத்தில் ‘பாதி’ என்று எழுதினார். அடுத்த வாரம் ஓர் உத்தரவு வந்தது: இனி எங்கே சோதனைக்காகக் கூண்டு ஏற்றினாலும் கம்பத்தடியில் ‘சோதனை’ என்று பெரிய எழுத்தில் பலகை வைக்க வேண்டும். துறைமுக நிர்வாகத்துக்கு என் நிரந்தரப் பங்களிப்பு அந்தப் பலகைதான்.

அதன்பிறகு நிஜப் புயல்களும் பார்த்தேன். தந்தி போய் டெலக்ஸ் வந்தது, ஃபேக்ஸ் வந்தது, இப்போது கடலுக்குள்ளேயே மீனவர் கையில் போன் அடிக்கிறது. நல்லதுதான், என் வாயை நம்பி யாரும் பலகையைப் பிடுங்க வேண்டியதில்லை. எங்கள் ஏரியைச் சுற்றி இப்போது கம்பெனி பஸ்கள் ஓடுகின்றன. மழைக்காலம் வந்தால் முனுசாமியின் மகன் இப்போதும் எங்கள் வீட்டுக்கு வருகிறார், கம்பெனி ஷிப்ட் சட்டையோடு. “புயலு வருமா?” என்று கேட்பார். நான் வாயைத் திறந்தால், “நீ இரு மாமா. அத்தையக் கூப்புடு” என்பார்.

இந்தக் கட்டுரையை எழுதி முடித்ததும் முதலில் கஸ்தூரியிடம் படிக்கக் கொடுத்தேன். மொட்டைமாடியில் துணி காயப்போட்டுக்கொண்டிருந்தாள். நின்றபடியே முழுக்கப் படித்தாள். தாளைத் திருப்பிக் கொடுத்துவிட்டு, கொம்பில் கட்டியிருந்த துண்டைப் பாதி வரைக்கும் இழுத்து நிறுத்தினாள்.

“ஏன், எந்த எடம் புரியல?” என்றேன்.

“எல்லாம் புரியுது. ஒரு எடம் தப்பு. மொத தடவ நீ வேகமா காட்டினது எனக்குப் புரியலன்னு எழுதிக்கீற.”

“புரியலதானே? பாதியில நிறுத்தினியே?”

“மொத தடவையே படிச்சுட்டேன்யா. பொய்யின்னுதான் காட்டினே. வெறுங்கையும் தெரிஞ்சுது.”

“அப்ப ஏன் உச்சிக்கு இழுக்கல? தண்ணி போய்க்கினு இருந்துச்சே!”

கிளிப் ஒன்றை வாயிலிருந்து எடுத்துத் துணியில் மாட்டினாள். “பொய்யின்னு சொல்றது யாரு? நீ. காலைல புயலக் கூப்டப் போறேன்ன ஆளு. எழுத்து புரிஞ்சுது. ஆள நம்பலாமான்னுதான் புரியல. பலகைய வெக்கச் சொல்லி, நெசமாவே வெள்ளம் வந்துட்டா? கொளந்தைங்க கீற ஊரு.”

“அப்புறம் எப்படி நம்பினே?”

“தீபாவளி வேட்டி. அதுல ஒரு சொட்டு டீ பட்டதுக்கு என்கிட்ட ரெண்டு நாளு பேசாத ஆளு நீ. அத அவுத்து எடுத்துக்கினு சேத்துல எறங்கினியே, அப்பதான் தெரிஞ்சுது, இந்தாளு இன்னிக்கு வெளையாடல.”

கட்டுரையில் அந்த இடத்தைத் திருத்தலாமா என்று கேட்டேன். வேண்டாம், அப்படியே இருக்கட்டும், கீழே இதையும் எழுதிவிடு என்றாள். எழுதிவிட்டேன். மாடியை எட்டிப் பார்த்தேன்.

துண்டு உச்சியில் இருக்கிறது.